முதல் கடையும் பின்பக்கச் சந்தும்

என் தம்பிக்கு நகரத் திட்ட அலுவலகத்தில் வேலை. இதைச் சொன்னதும் கேட்பவர்கள் கொஞ்சம் நிமிர்ந்துதான் உட்காருவார்கள். என்ன வேலை என்று அடுத்த கேள்வி வரும்போதுதான் எங்கள் குடும்ப கௌரவம் ஆட்டம் காணும். தெருமுனையில் மடக்கு நாற்காலி போட்டு உட்கார்ந்து, போகிற வருகிற தலைகளை எண்ணுவதுதான் அவன் வேலை. இரண்டு கையிலும் உள்ளங்கைக்குள் அடங்கும் இரண்டு கருவிகள். இடது கை உள்ளே போகிறவர்களுக்கு, வலது கை வெளியே வருகிறவர்களுக்கு. கட்டைவிரலால் அழுத்தினால் டிக் என்று ஓர் எண் ஏறும். அதனால் எங்கள் வீட்டில் அதற்கு டிக்டிக் என்றே பெயர். படித்த படிப்பு என்ன, பார்க்கிற வேலை என்ன என்று அம்மா தலையில் அடித்துக்கொள்வாள். நான் அப்படிச் சொல்ல மாட்டேன். பள்ளிக்கூடத்தில் கணக்கில் கோட்டை விட்டவன் இன்று ஊரையே கணக்கெடுக்கிறான் பார் என்றுதான் சொல்வேன்.

நான் காய்கறி விற்கிறவள். எங்கள் மார்க்கெட் ஒரே நீள வரிசை, மொத்தம் முப்பத்துநான்கு கடை. பெரிய சாலையை ஒட்டிய வாசலில் இருப்பது முதல் கடை. அங்கே ஒரு வழக்கம் உண்டு. புதிதாக வருகிறவர் கடைசியில்தான் தொடங்க வேண்டும். முன்னால் யாராவது கடையை விட்டுவிட்டால் பின்னால் இருப்பவர்கள் எல்லாரும் ஒரு கடை முன்னே நகர்வார்கள். நான் முப்பத்துமூன்றாம் கடையில் தொடங்கி முதல் கடைக்கு வந்து சேரப் பதினாறு வருஷம் ஆயிற்று. அந்தப் பதினாறு வருஷமும் எனக்கு முன்னால் இருந்தவர்களிடம் முழங்கால் வலி எப்படி இருக்கிறது, மகன் வெளியூருக்குக் கூப்பிடுகிறானா என்று அக்கறையாக விசாரித்து வந்தேன். அக்கறைக்கு வேறு காரணமும் இருந்தது என்பதை மறைக்க மாட்டேன்.

முப்பத்துநான்காம் கடை மட்டும் இந்தக் கணக்கில் சேராது. அது மீன்கார அக்காவின் கடை. வாடை அடிக்கிறது என்று மீன் கடை எப்போதும் கடைசியில்தான் இருக்க வேண்டும் என்பது கடைக்காரர் சங்கத்தின் விதி. ஊரே நகர்ந்தாலும் அவள் நகர முடியாது. நான் வந்த நாளில் பக்கத்துக் கடைக்காரியாக இருந்தவள், நான் முன்னே போகப் போகத் தூரமாகிக்கொண்டே போனாள். அதற்காக ஒரு நாளும் முகம் சுளித்ததில்லை. எனக்கு முதல் கடை கிடைத்த அன்று இரண்டு மீனைச் சுத்தம் செய்து காகிதத்தில் சுற்றிக் கொண்டுவந்து கொடுத்தாள்.

சாலைக்கு எதிர்ப்புறம் ஷாப்பிங் மால். ஐந்து மாடி, எங்கு பார்த்தாலும் கண்ணாடி, கதவைத் திறந்தால் குளிர்காற்று. கீழ்த்தளத்தில் அவர்களும் காய்கறி விற்கிறார்கள். கேரட்டைக் குளிப்பாட்டி, பிளாஸ்டிக் சட்டை போட்டு, படுக்க வைத்திருப்பார்கள். வயிற்றெரிச்சலில் சொல்கிறேன் என்று நினைப்பீர்கள். வயிற்றெரிச்சல்தான்.

இந்த நிலைமையில்தான் எங்கள் பகுதிக்குப் பாதாள ரயில் வருகிறது என்றார்கள். நிலையம் சாலைக்கு அடியில், ஏறி இறங்க ஒரே ஒரு வாசல். அது மார்க்கெட் பக்கம் திறக்குமா, மால் பக்கம் திறக்குமா என்பதுதான் கேள்வி. ஒரு நாள் சாப்பிடும்போது தம்பி மெல்ல விஷயத்தைக் கக்கினான். வியாழக்கிழமை காலையிலிருந்து இரவு வரை எங்கள் மார்க்கெட் வாசலில் அவன் எண்ணப் போகிறான். மால் வாசலில் இன்னொருவன். எந்தப் பக்கம் நடமாட்டம் அதிகமோ அந்தப் பக்கம் வாசல். இதை யாரிடமும் சொல்லாதே என்று சத்தியம் வாங்கிக்கொண்டான்.

நான் மீன்கார அக்காவிடம் மட்டும்தான் சொன்னேன். அவள் கறிக்கடைக்காரரிடம் மட்டும்தான் சொன்னாளாம். காதும் காதும் வைத்தாற்போல், மறுநாள் டீ நேரத்துக்குள் முப்பத்துநான்கு கடைக்கும் விஷயம் போய்விட்டது.

எங்கள் சங்கத் தலைவர் வெங்காய மண்டிக்காரர். எதையும் ஒழுங்காகச் செய்ய வேண்டும் என்பவர், அதுதான் அவரிடம் உள்ள தொந்தரவு. அவர் கூட்டம் போட்டு ஒரு திட்டம் சொன்னார். கடைக்காரர்கள், உதவிக்கு இருப்பவர்கள், வண்டி தள்ளுபவர்கள் எல்லாரும் வியாழக்கிழமை நடக்க வேண்டும். முன்வாசல் வழியாக வெளியே வந்து, தம்பியைத் தாண்டி, இடதுபக்கம் திரும்பி, சுவரோரமாகப் போய், பின்பக்கச் சந்து வழியாக மீன் கடைக்குப் பக்கத்தில் மறுபடி உள்ளே வர வேண்டும். எதிரும் புதிருமாக நடந்தால் நெரிசல் ஆகிவிடும், ஆகவே ஒருவழிப் பாதை. யாரும் முன்வாசல் வழியாக உள்ளே போகக் கூடாது. மீறுகிறவர்கள் ஒரு வாரம் சங்கத்துக்கு டீ வாங்கித் தர வேண்டும். எங்களுக்கெல்லாம் ஒரே பெருமை. திட்டம் போட நகர அலுவலகத்துக்கு மட்டும்தான் தெரியுமா என்ன?

வியாழக்கிழமை நடந்தோம். அப்படி ஒரு நடை. கறிக்கடைக்காரர் சுற்றுக்கு ஒரு சட்டை மாற்றினார். முட்டைக்காரர் ஒரு சுற்று குடையோடும் ஒரு சுற்று குடையில்லாமலும் வந்தார். என் வீட்டுக்காரர் பஸ் ஓட்டுகிறவர். பின்பக்கச் சந்தில்தான் அவர்கள் பஸ்ஸை நிறுத்தி இளைப்பாறுவது வழக்கம். அவர் அன்று பயணிகளையும் அங்கேயே இறக்கிவிட்டு, மார்க்கெட் வழியாக நடந்தால் சீக்கிரம் போகலாம் என்று சொல்லி அனுப்பினார். மீன்கார அக்கா முழங்கால் வலியோடு ஒரு கையால் சுவரைப் பிடித்துக்கொண்டு நடந்தாள். உட்காருங்கள் என்று சொன்னேன், கேட்கவில்லை. அன்று எங்கள் எல்லாரையும்விட அதிகச் சுற்று வந்தவள் அவள்தான்.

ஏழாவது சுற்றில் தம்பி என்னை முறைத்தான்.

"அக்கா, வேணாம்."

"ஏன்டா, நான் ரோட்டுல நடக்கக் கூடாதா?"

"நட. ஆனா நான் எண்ணித்தான் ஆகணும். தலைய எண்றதுதான் என் வேலை, முகத்த எண்றது இல்ல."

டிக் என்று அழுத்தினான். எனக்கு மனசு பூரித்துப்போயிற்று.

ஒரே ஒரு விஷயத்தை நாங்கள் யோசிக்கவில்லை. எல்லாரும் நடந்தால் கடையில் யார் இருப்பது? என் வாடிக்கையாளர் ஒரு டீச்சர். ஒன்பது வருஷமாக வியாழக்கிழமைதோறும் வந்து பீன்ஸை ஒவ்வொன்றாக ஒடித்துப் பார்த்து வாங்குவார். நான் வெளியே போகும்போது அவர் என் கடை முன்னால் நின்றார். இதோ ஒரு நிமிஷம் என்று கையைக் காட்டிவிட்டுப் போனேன். அடுத்த சுற்றிலும் நின்றார். மூன்றாவது சுற்றில் அவர் இல்லை. சாலையைத் தாண்டி மாலின் கண்ணாடிக் கதவுக்குள் அவருடைய குடை நுழைவதைப் பார்த்தேன். அதற்குப் பிறகு வந்த வியாழக்கிழமைகளில் அவர் வரவே இல்லை.

இரண்டு வாரம் கழித்து முன்வாசலில் நோட்டீஸ் ஒட்டினார்கள். நான் முதல் கடை என்பதால் நான்தான் முதலில் படித்தேன். எங்கள் நடைபாதை மூன்று மீட்டர் அகலம்தான். அதில் ஒரே நாளில் பதின்மூவாயிரம் பேருக்கு மேல் நடமாடுகிறார்கள். இது உயிருக்கு ஆபத்து. ஆகவே மார்க்கெட்டை ஊருக்கு வெளியே பஸ் டெப்போ பக்கம் மாற்றவும், ரயில் வாசலை மால் பக்கம் வைக்கவும் உத்தேசம். ஆட்சேபணை உள்ளவர்கள் பத்து நாளில் வந்து சொல்லலாம்.

ஆப்பசைத்த குரங்கு கதைதான். தலைவர் நோட்டீஸை மூன்று முறை படித்துவிட்டு, நடந்தது கொஞ்சம் கூடிப்போச்சு என்றார். கறிக்கடைக்காரர் தன் சட்டைகளைப் பற்றி யாரும் பேசக் கூடாது என்றார். நான் என் கடையில் போய் உட்கார்ந்தேன். டெப்போவில் காலை ஐந்து மணிக்கும் இரவு பத்து மணிக்கும் வருகிற டிரைவர்களைத் தவிர ஈ காக்காய் வராது. பதினாறு வருஷமாக ஒவ்வொரு கடையாக நகர்ந்து பிடித்த இடம், சுற்றிச் சுற்றி நடந்தே தொலைத்துவிட்டேன். அன்று தராசைத் துடைத்துக்கொண்டே அழுதேன். வெங்காயம் என்று சொல்லிக்கொள்ளலாம், ஆனால் என் கடையில் வெங்காயம் கிடையாது.

ஆட்சேபணைக் கூட்டம் அலுவலகத்தின் மாடியில் நடந்தது. மேசைமேல் அந்தப் பகுதியின் மேப் விரித்திருந்தது. திட்ட அதிகாரி ஒரு பெண், மூக்குக்கண்ணாடியைத் தலையில் ஏற்றிவிட்டு அதை மேசையெல்லாம் தேடுகிறவர். ஒரு பக்கம் நாங்கள், மறுபக்கம் வண்ணப்படங்களோடு மால் மேனேஜர். அதிகாரிக்குப் பின்னால் சுவரோடு சுவராகத் தம்பி. எங்கள் தலைவர் எழுந்து மார்க்கெட்டின் பெருமையைப் பேசத் தொடங்கினார். அதிகாரி ஒரு கையால் அவரை நிறுத்தச் சொல்லிவிட்டு, எண்ணிக்கைத் தாளையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"உள்ள போனவங்க ரெண்டாயிரத்து நூத்தி ஆறு. வெளிய வந்தவங்க பதினோராயிரத்து நானூத்தி பன்னெண்டு," என்றார். "மீதி ஒன்பதாயிரம் பேர் எங்கேருந்து வந்தாங்க? உங்க மார்க்கெட்டுல ஆளுங்களையும் விளைய வைக்கிறீங்களா?"

ஒருவழிப் பாதை! தலைவர் கூரையில் விசிறி சரியாகச் சுற்றுகிறதா என்று கவனிக்க ஆரம்பித்தார். மால் மேனேஜர் இந்த நேரத்துக்காகவே காத்திருந்தவர் மாதிரி, எண்ணினவருடைய அக்காவுக்கு அங்கே கடை இருக்கிறது, அதுவும் முதல் கடை, என்று இனிமையாக எடுத்துக் கொடுத்தார். அதிகாரி திரும்பித் தம்பியைப் பார்த்தார். அவன் முகத்தில் ஈயாடவில்லை. சின்ன வயதில் நான் உடைத்த கண்ணாடிக்கெல்லாம் அவன்தான் அடி வாங்குவான், அப்போது அவன் முகம் இப்படித்தான் இருக்கும்.

நான் எழுந்துவிட்டேன்.

"அவன் சரியாத்தான் எண்ணினான் மேடம். தப்பா நடந்தது நாங்கதான். இங்க இருக்கிற எல்லாரும் காலையிலேருந்து ராத்திரி வரைக்கும் சுத்திச் சுத்தி வந்தோம். அவன் வேணாம்னுதான் சொன்னான்."

மூக்குக்கண்ணாடி அதிகாரியின் தலையிலிருந்து தானாகவே மூக்குக்கு இறங்கி வந்தது. அவர் சிரிப்பை அடக்கினாரா கோபத்தை அடக்கினாரா என்று இன்றுவரை எனக்குத் தெரியாது. பென்சிலால் தாளில் ஒரு கோடு போட்டு அடித்தார். உண்மையில் இரண்டாயிரம் பேர்தான் என்றால் நெரிசல் இல்லை, மார்க்கெட்டை மாற்ற வேண்டியதில்லை என்றார். எங்கள் பக்கம் எல்லாருக்கும் மூச்சு வந்தது. ஆனால் மால் பக்கம் ஆறாயிரம் பேர், ஆகவே ரயில் வாசல் அந்தப் பக்கம்தான் என்றும் சொன்னார். வந்த மூச்சு பாதியில் நின்றது.

பிறகு மேப்பைப் பார்த்துப் புருவத்தைச் சுருக்கினார்.

"சுத்தி வந்தோம்னா எப்படி? பின்பக்கம் சுவர்தானே இருக்கு?"

மேப்பில் பின்பக்கம் தடித்த கோடாக ஒரு சுவர்தான் இருந்தது. சந்தே இல்லை. அந்தச் சுவர் இடிந்து நான் வந்த வருஷமே பஸ்கள் நிற்கத் தொடங்கிவிட்டன, ஆனால் மேப் போட்டவர்களுக்கு யாரும் சொல்லவில்லை. அதிகாரி என்னையே பார்த்தார்.

எனக்குப் பொய் சொல்ல அரை நிமிஷம் போதும். ஓரமாக இடுக்கில் நுழைந்து வந்தோம் என்று சொன்னால் விஷயம் முடிந்தது. வாசல் மால் பக்கம் வரும். அங்கிருந்து சாலையைத் தாண்டுகிற பத்துப் பேரில் ஐந்து பேராவது முதல் கடையில் நிற்பார்கள். நான் பிழைத்துக்கொள்வேன். இருபதாம் கடைக்கு மேல் யார் வருவார்கள் என்பது என் கவலை இல்லை. சந்து இருப்பதைச் சொன்னால்? எனக்கு மேப் படிக்கத் தெரியாது, ஆனால் வாசல் எங்கேயோ அங்கேதான் முதல் கடை என்பது தெரியும். வாசல் பின்னால் போனால் வரிசை தலைகீழாகும். நான் கடைசி.

பக்கத்து நாற்காலியில் மீன்கார அக்கா முழங்காலைத் தேய்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். முன்பக்கம் வாசல் வந்தால் அவளுக்குக் கிடைப்பது ஒன்றுமில்லை. அவள் கடைவரை யார் நடப்பார்கள்? அது தெரிந்தும் அன்று எங்களுக்காகத்தான் நடந்தாள். எனக்கு வெட்கமாகப் போய்விட்டது. அதோடு என்மேல் எனக்குக் கடுங்கோபமும் வந்தது.

மேசைக்குப் போய் அந்தத் தடித்த கோட்டின்மேல் விரலை வைத்தேன். "இங்க சுவர் இல்ல மேடம். சந்து இருக்கு. பஸ் எல்லாம் அங்கதான் நிக்குது."

எவ்வளவு அகலம் என்று கேட்டார். கடைசி வரிசையிலிருந்து என் வீட்டுக்காரர், ரெண்டு பஸ் பக்கத்துல பக்கத்துல நிக்கும், நடுவுல நான் சாப்பாட்டுக்கு நடந்து வருவேன் என்று சத்தமாகச் சொன்னார். அதிகாரி பென்சிலை எடுத்தார். ரயிலிலிருந்து இறங்கி அப்படியே பஸ் ஏறலாம், சாலையையும் அடைக்க வேண்டாம் என்று தனக்குத்தானே முணுமுணுத்தபடி, மீன் கடைக்குப் பக்கத்தில் ஒரு சின்னக் கட்டம் வரைந்தார். கட்டம் வரைய மூன்று நொடிதான் ஆயிற்று. பதினாறு வருஷம் மூன்று நொடியில் திரும்பிக்கொண்டது.

படி இறங்கும்போது தம்பி என் பின்னாலேயே வந்தான். நன்றி என்றெல்லாம் சொல்லவில்லை, எங்கள் வீட்டில் அந்தப் பழக்கம் கிடையாது. என் பையை வாங்கிக்கொண்டான்.

வேலை நடந்த இரண்டு வருஷமும் நாங்கள் விற்றது பாதி காய், பாதி தூசி. வாசல் திறக்க ஒரு மாதம் இருக்கும்போது தலைவர் மறுபடி ஓர் ஒழுங்கைக் கண்டுபிடித்தார். சங்க விதிப்படி மீன் கடை கடைசியில்தான் இருக்க வேண்டும். இப்போது கடைசி என்பது சாலைப் பக்கம். ஆகவே மீன் கடையை அங்கே மாற்றிவிட்டு மற்றவர்கள் ஒவ்வொரு கடை நகரலாம் என்றார். கேட்டவர்கள் தலையாட்டினார்கள். எனக்கும் அதில் லாபம்தான், ஒரு கடை முன்னே போவேன். ஆனாலும் எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது.

"நாங்க எல்லாம் பதினாறு வருஷம், இருபது வருஷம் வாசலைத் தேடி நகர்ந்தோம். அவங்க ஒரே இடத்துல நின்னாங்க. இப்ப வாசலே அவங்களத் தேடி வந்திருக்கு. இனிமே அவங்கள நகருன்னு யாராவது சொன்னீங்கன்னா, நான் அந்த மேடம்கிட்ட போய் இன்னும் என்னெல்லாம் மேப்புல இல்லைன்னு சொல்லிட்டு வருவேன்."

யார் யார் எவ்வளவு தூரம் கடையை நடைபாதைக்கு இழுத்துப் போட்டிருக்கிறார்கள் என்பது எல்லாருக்கும் தெரியும். தலைவர் விதியை மடித்துப் பையில் வைத்துக்கொண்டார்.

வாசல் திறந்தது ஒரு வியாழக்கிழமை. நகரும் படிக்கட்டில் சனங்கள் மேலே வருவார்கள், முதல் மூச்சிலேயே மீன் வாடை. எங்கள் நிலையத்தில் எப்போது இறங்க வேண்டும் என்று அறிவிப்பே தேவையில்லை, மூக்கு சொல்லிவிடும் என்று என் வீட்டுக்காரர் கிண்டல் செய்தார். அக்கா புது ஏப்ரன் கட்டிக்கொண்டு, மூச்சுவிட நேரமில்லாமல் செதில் தேய்த்துக்கொண்டிருந்தாள். நான் இந்தக் கோடியில், முப்பத்துநான்காம் கடையில், கத்தரிக்காயைத் துடைத்ததையே துடைத்துக்கொண்டிருந்தேன். எனக்கு எதிரே மடக்கு நாற்காலியில் தம்பி. புது வாசலில் வருகிறவர்களில் மார்க்கெட்டின் இந்தக் கோடிவரை எத்தனை பேர் வருகிறார்கள் என்று எண்ணச் சொல்லி அனுப்பியிருந்தார்கள். காலையிலிருந்து மதியம்வரை டிக்டிக் முப்பதைக்கூடத் தொடவில்லை. அவன் என் முகத்தைப் பார்க்காமல் இருக்கப் படாத பாடு பட்டான்.

நாலு மணி இருக்கும். தூரத்தில் ஒரு குடை தெரிந்தது. ஒவ்வொரு கடையாகத் தாண்டி, எங்கும் நிற்காமல் வந்தது. டீச்சர். மாலுக்குப் போக அந்த நிலையத்தில் இறங்கினாரோ, என்னைத் தேடித்தான் வந்தாரோ, நான் கேட்கவில்லை. வழியில் இருபது கடையிலாவது பீன்ஸ் இருக்கிறது.

"ஏம்மா, ரெண்டு வருஷத்துக்கு முன்னாடி ஒரு நிமிஷம்னு கையக் காட்டிட்டுப் போன," என்றார். "இப்பவாவது கடையில இருப்பியா?"

"இருப்பேன் டீச்சர்," என்றேன். பீன்ஸ் கூடையை அவர் பக்கம் தள்ளினேன். ஒவ்வொன்றாக ஒடித்துப் பார்த்தார். அந்தச் சத்தத்தைக் கேட்டு எவ்வளவு நாளாயிற்று! தம்பி அவருக்காக ஒருமுறை அழுத்தினான். அரை கிலோ வாங்கிக்கொண்டு அவர் வந்த வழியே திரும்பினார். அவர் பின்னலைப் பார்த்துக்கொண்டே நின்றேன். மனசு நிறைந்திருந்தது.

பத்துக் கடை போனவர் நின்றார். குடையை என் கடையிலேயே விட்டுவிட்டார். திரும்பி வேகமாக என் கடையை நோக்கி வந்தார்.

தம்பியின் கட்டைவிரல் டிக்டிக் மேல் எழுந்து நின்றது. அவன் என்னைப் பார்த்தான்.

"எண்ணாதடா," என்றேன். "அவங்கதான்."